தொழிற்புரட்சியும் லங்காஷயர் பஞ்சாலைகளும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

போட்டித் தேர்வு மாணவர்களுக்கு உலக வரலாறு எடுக்கிறேன். பாடப் புத்தகத்தில் இரண்டு பக்கத்தில் முடிந்துவிடும் தொழிற்புரட்சிக்கு வகுப்பில் இரண்டு மணி நேரம் கேள்வி வரும். ஒவ்வொரு பேட்சிலும் கிட்டத்தட்ட அதே கேள்விகள். அவற்றைக் கேட்டவர்கள் கேட்ட மாதிரியே போட்டுப் பதில் எழுதியிருக்கிறேன். பேச்சு முழுக்க இங்கிலாந்தின் பஞ்சுத் தொழிலையும், அது வளர்ந்த லங்காஷயரையும் (அன்று மான்செஸ்டர் இருந்த வடமேற்கு மாவட்டம்) சுற்றியே இருக்கும். இரும்பும் ரயிலும் தனியாக எழுத வேண்டியவை.

சார், தொழிற்புரட்சி சரியா எந்த வருஷம் ஆரம்பிச்சது? ஒவ்வொரு புக்லயும் ஒவ்வொண்ணு போட்டிருக்கு.

தேர்வில் கேட்டால் 1760 என்று எழுதிவிட்டு அடுத்த கேள்விக்குப் போங்கள். உண்மையில் அதற்குத் தொடக்க நாள் என்று ஒன்று கிடையாது. நூற்பு இயந்திரங்கள் வந்தது 1764க்கும் 1779க்கும் இடையில். ஆனால் நாட்டின் மொத்த உற்பத்தி அடுத்த சில பத்தாண்டுகளுக்கு மெதுவாகத்தான் ஏறியது. தலைதெறிக்க ஓடியது பஞ்சுத் தொழில் மட்டும்தான். 1785இல் பிரிட்டனின் ஆலைகளும் வீடுகளும் சேர்ந்து பயன்படுத்திய பஞ்சு சுமார் 1.1 கோடி ராத்தல் (ஒரு ராத்தல் 450 கிராம் சொச்சம்). 1850இல் அது 58.8 கோடி ராத்தல்.

பருத்திச் செடியே வளராத ஊர்ல எதுக்குப் பஞ்சுல ஆரம்பிச்சாங்க?

பஞ்சுத் துணிக்கு ஆசையைக் கிளப்பியது நம் ஊர்ச் சரக்கு. 17ஆம் நூற்றாண்டில் கிழக்கிந்தியக் கம்பெனி சென்னைப் பட்டணத்துக்கு வந்ததே சோழமண்டலக் கரைத் துணிக்காகத்தான். லாங்கிளாத்தும் அச்சடித்த சீட்டித் துணியும் லண்டனில் அப்படி விற்றன. கம்பளி, பட்டு நெசவாளர்கள் கொதித்தார்கள். 1700இல் வந்த சட்டம் அச்சடித்த, சாயமிட்ட இந்தியத் துணி இறக்குமதியைத் தடுத்தது. 1721இல் வந்த இன்னொரு சட்டம் பெரும்பாலான அச்சுப் பருத்தித் துணிகளை உடுத்துவதற்கே தடை போட்டது.

சட்டத்தால் துணியை நிறுத்த முடிந்தது, ஆசையை நிறுத்த முடியவில்லை. அந்தக் காலி இடத்தை லங்காஷயர்க்காரர்கள் பிடித்தார்கள். நீள வாக்கில் லினன் நூலும் (பாவு) குறுக்கே பருத்தி நூலும் (ஊடை) கலந்து நெய்த துணிக்குத் தடையில்லை என்று 1736இல் சட்டத்திலேயே வழி செய்துகொண்டார்கள். இந்தியச் சரக்கு வராமல் அடைத்த கதவுக்குப் பின்னால்தான் அந்தத் தொழில் வளர்ந்தது. தடையற்ற வணிகம் பற்றி மான்செஸ்டர் உலகத்துக்குப் பாடம் எடுத்ததெல்லாம் அதற்கு வெகுகாலம் கழித்து.

கே, ஹார்கிரீவ்ஸ், ஆர்க்ரைட், கிராம்ப்டன், கார்ட்ரைட்... யார் எதைக் கண்டுபிடிச்சாங்கன்னு எப்பவும் குழம்புது.

பெயரை மனப்பாடம் செய்தால் குழம்பத்தான் செய்யும். எங்கே வேலை முட்டிக்கொண்டு நின்றது என்று பாருங்கள், வரிசை தானாக வரும். 1733இல் ஜான் கேயின் பறக்கும் நாடா (ஊடை நூலைத் தறியின் குறுக்கே ஓட்டும் கருவி) நெசவை வேகமாக்கியது. தறி வேகமானதும் நூல் போதவில்லை. ஒரு தறிக்கு நூல் கொடுக்கப் பல ராட்டைகள் சுற்ற வேண்டியிருந்தது. 1764 வாக்கில் ஹார்கிரீவ்ஸின் ஜென்னி என்ற நூற்பு இயந்திரம் வந்தது. ராட்டைக்கு ஒரு கதிர் (நூல் சுற்றும் தண்டு) என்றால் முதல் ஜென்னிக்கு எட்டு. ஆனால் அதன் நூல் மெதுவானது, ஊடைக்குத்தான் ஆகும். தறியின் இழுப்பைத் தாங்கும் பாவு நூலைக் கொடுத்தது 1769இல் ஆர்க்ரைட் காப்புரிமை வாங்கிய, தண்ணீரால் சுழலும் இயந்திரம். அப்புறம்தான் முழுப் பருத்தித் துணியே அங்கே சாத்தியமாயிற்று. 1774இல் அதற்குச் சட்டமும் வழிவிட்டது. 1779இல் கிராம்ப்டனின் மியூல் இரண்டின் குணத்தையும் சேர்த்து, மெல்லிய நூலையும் உறுதியாக நூற்றது.

இப்போது நூல் குவிந்தது, தறி போதவில்லை. கார்ட்ரைட் 1785இல் விசைத்தறிக்குக் காப்புரிமை வாங்கினார். ஆனால் அது ஒழுங்காக ஓட இன்னும் 30 ஆண்டு பிடித்தது. இந்த இடைவெளியை நினைவில் வையுங்கள், கீழே தேவைப்படும்.

இன்னொன்று: இவர்களில் கொழுத்தவர் ஆர்க்ரைட் மட்டுமே. பிரஸ்டன் ஊரில் பிறந்து, முடிவெட்டி, சவுரி செய்து பிழைத்தவர் சர் பட்டம் வாங்கி, சுமார் 5 இலட்சம் பவுண்டு சொத்தோடு 1792இல் செத்தார். மியூலுக்குக் காப்புரிமையே வாங்காத கிராம்ப்டனுக்கு 1812இல் நாடாளுமன்றம் 5,000 பவுண்டு கொடுத்துக் கணக்கைத் தீர்த்தது.

கெட்டில் மூடி ஆடுறதைப் பார்த்துத்தானே ஜேம்ஸ் வாட் நீராவி எஞ்சினைக் கண்டுபிடிச்சார்?

இல்லை. நியூகாமனின் எஞ்சின் 1712இலிருந்தே சுரங்கத்துத் தண்ணீரை இறைத்துக்கொண்டிருந்தது. கிளாஸ்கோ பல்கலைக்கழகத்தில் இருந்த அதன் மாதிரி ஒன்று பழுதுபார்க்க வந்தபோது, அது எவ்வளவு நீராவியை வீணாக்குகிறது என்று வாட் கவனித்தார். நீராவியைக் குளிர்விக்கத் தனி அறை வைத்தார், 1769இல் காப்புரிமை வாங்கினார். மூடிக் கதை பிறகு ஒட்டிக்கொண்டது.

ஆரம்ப கால மில்கள் நீராவியில் ஓடவும் இல்லை. 1771இல் ஆர்க்ரைட் கட்டிய குரோம்ஃபோர்ட் மில் டார்பிஷயர் மலையடிவாரத்தில், ஓடும் தண்ணீரை நம்பி நின்றது. நீராவி வந்த பிறகுதான் மில் ஆற்றை விட்டு நகரத்துக்கு, நிலக்கரி கிடைக்கும் இடத்துக்கு நகர்ந்தது.

நம்மகிட்ட இல்லாத நெசவா? மெஷின் ஏன் இங்க வரலை, அங்க வந்துச்சு?

இதுதான் இந்தப் பாடத்திலேயே நல்ல கேள்வி. திறமையில் நாம் பின்தங்கவில்லை. ஆனால் நேரக் கணக்கு வேறு கதை சொல்கிறது. 100 ராத்தல் பஞ்சை நூலாக்க நம் ஊர்க் கைராட்டையில் சுமார் 50,000 மணி நேரம் ஆகும் என்றும், 1780 வாக்கில் கிராம்ப்டன் மியூலில் 2,000 மணி நேரம், 1790களின் நடுவில் 300 மணி நேரம் போதும் என்றும் ஒரு மதிப்பீடு உண்டு. இத்தனை நேரத்தை மிச்சப்படுத்தும் இயந்திரத்துக்கு யார் காசு போடுவார்கள்? கூலி உயர்ந்த ஊர்க்காரர்கள்தான். இங்கிலாந்தில் கூலி அதிகம், நிலக்கரி மலிவு. இந்தியாவில் ராட்டை சுற்றும் பெண்ணின் கூலி அத்தனை குறைவாக இருந்தபோது, இயந்திரத்தில் பணம் முடக்க எந்த வியாபாரிக்கும் காரணமில்லை. இது ஒரு தரப்பு வாதம்.

இங்கிலாந்திலும் ராட்டை சுற்றிய பெண்கள் வாங்கியது சொற்பக் கூலிதானே என்று இதை மறுப்பவர்கள் இருக்கிறார்கள். அந்த மறுப்பில் பலம் இருப்பதாகவே நினைக்கிறேன். இறக்குமதித் தடை, கடல் கடந்த சந்தை, கடற்படை, கடிகாரமும் பூட்டும் செய்து பழகிய கைவினைஞர் கூட்டம் என எல்லாவற்றையும் சேர்த்துப் பார்க்காமல் ஒற்றைக் காரணம் சொன்னால் நம்பாதீர்கள்.

மில்லுக்குள்ள ஒரு நாள் எப்படி இருக்கும்?

விடிவதற்கு முன் மணி அடிக்கும். சாப்பாட்டு நேரம் போக 12 மணி நேரம், சில மில்களில் அதற்கும் மேல். சனிக்கிழமை கொஞ்சம் குறைவு. மெல்லிய நூல் வறண்ட காற்றில் அறுந்துவிடும். அதனால் ஜன்னலை மூடி, 80 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்கு மேல் வெக்கையிலும் ஈரத்திலும் நூற்றார்கள். காற்றில் பஞ்சுத் தூசி. நூற்பவர் வயது வந்த ஆண். அறுந்த நூலை முறுக்கி ஒட்டுவது சிறுவர் சிறுமியர் வேலை. அவர்களிலும் சிறியவர்கள், முன்னும் பின்னும் ஓடும் மியூலுக்கு அடியில் ஊர்ந்து பஞ்சுத் துகளைப் பொறுக்குவார்கள். டாட்மார்டன் ஊர் மில் முதலாளி ஜான் ஃபீல்டன் தன் மில்லிலேயே அளந்து பார்த்து, இந்தப் பிள்ளைகள் 12 மணி நேரத்தில் 20 மைலுக்குக் குறையாமல் நடக்கிறார்கள் என்று 1836இல் அச்சில் எழுதினார்.

அபராதப் பட்டியலைப் படித்தால் இன்னும் தெளிவாகப் புரியும். மான்செஸ்டருக்கு அருகே டில்டெஸ்லியில் இருந்த ஒரு மில்லின் பட்டியல் 1823இல் வெளியானது. ஜன்னலைத் திறந்து வைத்தால் 1 ஷில்லிங் (ஒரு பவுண்டில் இருபதில் ஒரு பங்கு). அழுக்காக இருந்தால் 1 ஷில்லிங். அழுக்கைக் கழுவிக்கொண்டிருந்தாலும் 1 ஷில்லிங். விசிலடித்தால் 1 ஷில்லிங். வகுப்பில் இதை வாசித்தால் முதலில் எல்லோரும் சிரிப்பார்கள். வீட்டில் தறி போட்டவன் ஞாயிறு குடித்துவிட்டுத் திங்கட்கிழமையும் சேர்த்து லீவு எடுத்துக்கொண்ட காலம் ஒன்று இருந்தது. அந்த ஆளை மணியடித்தால் வந்து நிற்க வைப்பதற்குத்தான் இத்தனை ஷில்லிங்.

சின்னப் பசங்களை வேலைக்கு வெச்சப்போ அரசாங்கம் சும்மாவா இருந்துச்சு?

சட்டங்கள் வந்தன. அமல்படுத்த ஆள் வரவில்லை. ஆற்றங்கரை மில்களுக்கு ஆள் கிடைக்காததால், லண்டன் முதலிய ஊர்களின் அனாதை, ஏழைக் குழந்தைகளை வண்டி வண்டியாக அனுப்பி வைத்தார்கள். 1802 சட்டம் அந்தக் குழந்தைகளுக்கானது. 1819 சட்டம் 9 வயதுக்குக் கீழே பஞ்சாலை வேலை கூடாது என்றது. இரண்டுக்கும் சம்பளம் வாங்கும் அரசு ஆய்வாளர் கிடையாது, அதனால் பெரும்பாலும் ஏட்டோடு சரி. 1833 சட்டத்துக்குத்தான் பல் இருந்தது: 9 முதல் 13 வயதுக்குள் வாரம் 48 மணி நேரம், 18 வரை நாளுக்கு 12 மணி நேரம், சம்பளத்துக்கு அரசு ஆய்வாளர்கள். நாடு முழுவதற்கும் எத்தனை பேர்? நாலு பேர்.

வயதை எப்படி நிரூபிப்பது? பிறப்புப் பதிவு 1837இல்தான் தொடங்கியது. பிள்ளை 9 வயது மாதிரி தெரிகிறது என்று மருத்துவர் சீட்டுக் கொடுத்தால் போதும். பல்லைப் பார்த்து வயது சொல்லலாம் என்று ஒரு பல் மருத்துவர் நாடாளுமன்றத்துக்கு யோசனை சொன்ன கூத்தும் நடந்தது. பெண்களுக்கும் வளரிளம் பருவத்தினருக்கும் நாளுக்குப் பத்து மணி நேரம் என்ற சட்டம் 1847இல் வந்தது. மேலே சொன்ன அதே ஃபீல்டன்தான் அதை நாடாளுமன்றத்தில் கொண்டு போனவர். அதே சமயம் இன்னொரு சங்கடமான உண்மை: பல மில்களில் நூல் ஒட்டும் பிள்ளைகளை வேலைக்கு வைத்துக் கூலி கொடுத்தது முதலாளி அல்ல, நூற்கும் தொழிலாளி. பல நேரம் சொந்தப் பிள்ளை, தம்பி தங்கை.

லுட்டைட்னா மெஷினைக் கண்டாலே உடைக்கிறவங்கதானே?

இல்லை. இந்த லுட்டைட் தொழிலாளர்கள் 1811இல் நாட்டிங்ஹாம்ஷயரில் முதலில் உடைத்தது காலுறை பின்னும் ஃபிரேம். அது 1589இல் வந்த கருவி! இருநூறு வருஷமாகப் பழகிய இயந்திரத்தின் மேல் யாருக்கும் திடீர்ப் பகை வராது. அதை வைத்து மட்டமான வெட்டித் தைத்த காலுறை செய்த, கூலியைக் குறைத்த, பயிற்சி இல்லாதவர்களைச் சேர்த்த முதலாளிகளின் ஃபிரேம்களைத் தேடி உடைத்தார்கள். நியாயமான கூலி கொடுத்தவரின் ஃபிரேமைத் தொடவில்லை. யார்க்ஷயரில் கம்பளி மழிக்கும் இயந்திரத்தையும் லங்காஷயரில் விசைத்தறியையும் உடைத்தது வேறு கதை. அங்கே பிழைப்பே போகும் என்ற பயம் நேரடியானது.

ஏன் பேசித் தீர்க்கவில்லை என்று கேட்பீர்கள். 1799, 1800 சட்டங்கள்படி சங்கம் சேர்வதே குற்றம். கைத்தறிக்காரர்கள் குறைந்தபட்சக் கூலி கேட்டுக் கொண்டுபோன மசோதாவை 1808இல் நாடாளுமன்றம் தள்ளிவிட்டது. 1812இல் ஃபிரேமை உடைத்தால் தூக்கு என்று சட்டம் வந்தது. அதை எதிர்த்துப் பிரபுக்கள் சபையில் கவிஞர் பைரன் பேசினார், பயனில்லை. 1813 ஜனவரியில் யார்க் நகரில் 17 பேரைத் தூக்கிலிட்டார்கள்.

கைத்தறி போச்சுன்னா மில்லுக்கு வேலைக்குப் போக வேண்டியதுதானே?

விசைத்தறி 30 ஆண்டு தாமதமானது என்று மேலே சொன்னேன் அல்லவா? அந்த நாட்களில் நூல் மலிவு, தறிக்கு ஆள் தட்டுப்பாடு. கைத்தறிக்காரருக்கு யோகம். வாரம் 20 ஷில்லிங்குக்கு மேல் சம்பாதித்தார்கள். அதைப் பார்த்து ஊரே தறிக்கு வந்தது. 1820களில் பஞ்சுத் துணி நெய்யும் கைத்தறிக்காரர்கள் ஏறத்தாழ 2.4 இலட்சம் பேர். விசைத்தறியோ 1813இல் 2,400, 1829இல் 55,500, 1833இல் ஒரு இலட்சம். கூலி 6, 7 ஷில்லிங்குக்கு இறங்கியது. கவனியுங்கள், விசைத்தறி பெருகுவதற்கு முன்பே கூலி இறங்கத் தொடங்கிவிட்டது. ஆள் பெருத்ததும், தடுக்கச் சட்டமோ சங்கமோ இல்லாததும்தான் முதல் அடி.

விசைத்தறி முதலாளிகள் தேடியது இளம் பெண்களை. கூலி குறைவு, எதிர்த்துப் பேச மாட்டார்கள் என்ற கணக்கு. நாற்பது வயது நெசவாளிக்கு அங்கே இடமில்லை, மணிக்குக் கட்டுப்பட அவருக்கு மனமும் இல்லை. மகள் மில்லுக்குப் போனாள், அப்பா தறியோடு பட்டினி கிடந்தார். இவர்களுக்கு முன்பே வேலை இழந்த ஒரு கூட்டத்தைப் பற்றி யாரும் கேட்பதில்லை: வீட்டில் ராட்டை சுற்றிய பெண்கள். இலட்சக்கணக்கான பேர். கம்பளியும் பருத்தியும் நூற்று வந்த அவர்களின் சில்லறை வருமானம் ஒரு தலைமுறைக்குள் காய்ந்துபோனது. அவர்கள் பெயரில் கலகக் கதை பெரிதாக இல்லாததால் பாடத்திலும் இல்லை.

மொத்தத்துல மக்கள் வாழ்க்கை நல்லா ஆச்சா, மோசமாச்சா? ஒரே வார்த்தைல சொல்லுங்க.

முடியாது. துணி மலிந்தது உண்மை. நூறாம் நம்பர் நூல் (மெல்லிய ரகம்) ஒரு ராத்தல் 1786இல் 38 ஷில்லிங், 1807இல் 6 ஷில்லிங் 9 பென்ஸ். ஏழைக்கும் மாற்றுத் துணி கிடைத்தது. ஆனால் விலைவாசி கழித்த கூலி 1840கள் வரை உற்பத்திக்கு ஈடாக ஏறவில்லை என்பதைப் பெரும்பாலான ஆய்வாளர்கள் ஒப்புக்கொள்கிறார்கள். எவ்வளவு பின்தங்கியது என்பதில்தான் சண்டை. முதலில் லாபம் ஏறியது, கூலி இரண்டு தலைமுறை கழித்து ஏறியது. அந்த இரண்டு தலைமுறையில் வாழ்ந்து செத்தவனிடம் போய் உன் பேரன் நன்றாக இருப்பான் என்று சொன்னால் என்ன பதில் வரும்?

மான்செஸ்டர்ல சராசரி ஆயுள் 17 வயசுன்னு போட்டிருக்காங்க. எல்லாரும் 17ல செத்துட்டா மில்லை யார் ஓட்டினாங்க?

சரியான சந்தேகம். பொதுச் சுகாதாரச் சீர்திருத்தக்காரர் எட்வின் சாட்விக் 1842இல் தந்த அறிக்கையில் வரும் எண் இது. மான்செஸ்டர் தொழிலாளர் குடும்பங்களில் இறந்தவர்களின் சராசரி வயது 17. தொழிலாளர் குழந்தைகளில் பாதிக்கு மேல் 5 வயதைத் தாண்டவில்லை. அதனால்தான் சராசரி அத்தனை கீழே போகிறது. பிழைத்து வளர்ந்தவர்கள் 40, 50 வரை இருந்தார்கள். இளைஞர்கள் வந்து குவியும், குழந்தைகள் நிறைந்த ஊரில் இறப்பு வயதின் சராசரி இயல்பாகவே குறையும் என்பதையும் கணக்கில் கொள்ள வேண்டும்.

அதற்காக எண்ணை ஒதுக்கிவிடாதீர்கள். அதே அறிக்கையில் கிராமப்புற ரட்லாண்டில் கூலிக்காரர்களின் சராசரி 38. மான்செஸ்டரின் மேல்தட்டுக்கும் அதே 38தான். 1801இல் 75,000 சொச்சம் பேர் இருந்த ஊர் 1851இல் 3 இலட்சத்தைத் தாண்டியது. சாக்கடையும் குடிநீரும் அந்த வேகத்துக்கு வரவில்லை. மில்லில் செத்தவர்களைவிடக் கழிவுநீரில் செத்தவர்கள் அதிகம்.

அடிமை வியாபாரப் பணத்துலதான் இதெல்லாம் நடந்துச்சுன்னு சொல்றாங்களே?

மில் கட்டிய மூலதனத்தில் அடிமை வணிக லாபத்தின் பங்கு எவ்வளவு என்பது தீராத விவாதம். பஞ்சைப் பற்றி விவாதமே இல்லை. 1793இல் எலி விட்னியின் கொட்டை நீக்கும் இயந்திரம் வந்த பின், அமெரிக்கத் தென்மாநிலங்களில் பருத்தி பரவியது. அங்கே 1790இல் சுமார் 7 இலட்சமாக இருந்த அடிமைகள் 1860இல் ஏறத்தாழ 40 இலட்சம். 1850களில் லங்காஷயர் பஞ்சில் முக்கால் பங்குக்கு மேல் அவர்கள் பறித்தது. நம் கதையும் இதில் உண்டு: சோழமண்டலக் கரைத் துணி ஐரோப்பியக் கப்பலேறி மேற்கு ஆப்பிரிக்காவில் அடிமைகளுக்கு விலையாகக் கொடுக்கப்பட்டது. மான்செஸ்டர் சரக்கு அந்தச் சந்தையில் முதலில் போட்டியிட்டதே நம் துணியோடு.

1861இல் அமெரிக்க உள்நாட்டுப் போர் மூண்டு பஞ்சு நின்றதும் லங்காஷயர் பட்டினி கிடந்தது. 1862 கடைசியில் சுமார் 5 இலட்சம் பேர் நிவாரணத்தில் பிழைத்தார்கள். திருநெல்வேலிக் கரிசலிலும் அந்த ஆண்டுகளில் பருத்தி விலை எகிறியது. போர் முடிந்ததும் விழுந்தது.

டாக்கா நெசவாளர்களோட கட்டைவிரலை வெள்ளைக்காரன் வெட்டினான்னு படிச்சிருக்கோம். உண்மையா?

வெட்டினான் என்பதற்கு ஆதாரம் இல்லை. கம்பெனியில் வேலை பார்த்துப் பின்னர் அதோடு பகைத்துக்கொண்ட வில்லியம் போல்ட்ஸ் 1772இல் எழுதியது வேறு: வங்காளத்தில் பட்டு நூல் சுற்றுபவர்கள், கம்பெனி ஆட்களின் கட்டாய வேலைக்குத் தப்பத் தங்கள் கட்டைவிரலைத் தாங்களே வெட்டிக்கொண்டார்கள். முன்பணத்தைத் திணித்து, வேறு யாருக்கும் விற்கக்கூடாது என்று பூட்டி, சந்தை விலைக்குக் கீழே எடுத்து, மறுத்தவரை அடித்த குமாஸ்தாக்களைப் பற்றியும் அவரே எழுதியிருக்கிறார். தேர்வில் இதை எழுதுங்கள். வெட்டிய கதையைவிட இது எனக்குக் கொடூரமாகத் தெரிகிறது.

அப்போ நம்ம கைத்தறி செத்துடுச்சுன்னு சொல்லலாமா? இன்னிக்கும் தறி ஓடுதே?

மேலே ராட்டைப் பெண்களைப் பற்றிச் சொன்னது இங்கேயும் பொருந்தும். 19ஆம் நூற்றாண்டில் இங்கிலாந்து மில் நூல் வந்து இறங்கியபோது முதலில் அழிந்தது நூற்பு. நெசவாளரோ அந்த மலிவு நூலையே வாங்கி நெய்தார். சாதாரண வெள்ளைத் துணி போனது. கரை போட்ட சேலை, கட்டம் போட்ட லுங்கி மாதிரி மில்லுக்கு எளிதில் வராத ரகங்கள் நின்றன. ஏற்றுமதிச் சந்தை போனதும், பல நெசவாளர்கள் கூலிக்கு வயலுக்குப் போனதும் உண்மை. முற்றிலும் செத்தது என்பதும் தவறு, பாதிப்பே இல்லை என்பதும் தவறு.

இந்தியக் குழந்தைத் தொழிலாளர்களுக்காக மான்செஸ்டர் முதலாளிகளே சட்டம் கேட்டாங்களாமே? அவ்வளவு நல்லவங்களா?

கேட்டார்கள். 1870களில் பம்பாய் மில்கள் அவர்களின் சந்தையில் கைவைத்தன. இந்திய மில்களில் வேலை நேரத்துக்கு வரம்பே இல்லை, இது நியாயமான போட்டியா என்று லங்காஷயர் கூச்சல் போட்டது. 1881இல் முதல் இந்தியத் தொழிற்சாலைச் சட்டம் வந்தது: 7 வயதுக்குக் கீழே வேலை கூடாது, 12 வரை நாளுக்கு 9 மணி நேரம். 1891இல் குறைந்தபட்ச வயது 9 ஆனது. உள்ளூரில் நிஜமாகவே குழந்தைகளுக்காகப் பேசியவர்களும் இருந்தார்கள், அவர்களை மறக்கக் கூடாது.

நல்லெண்ணத்தை அளக்க வேறு ஒரு கணக்கு இருக்கிறது. அதே லங்காஷயரின் நெருக்கடியால் 1882இல் இந்தியாவில் வெளிநாட்டுத் துணிக்கு இருந்த சுங்கவரி எடுக்கப்பட்டது. பின்னர் வருமானம் போதாமல் வரியைத் திரும்பப் போட்டபோது, 1896இல் இறக்குமதித் துணிக்கு 3.5 சதவீதம் என்றால் இந்திய மில் துணிக்கும் அதே 3.5 சதவீத உற்பத்தி வரி என்று சமன் செய்தார்கள். 1925 கடைசியில்தான் அதை நிறுத்தினார்கள்.